பெயரை எழுதி வைத்த பெண்கள்

(கூட்டமைப்பின் ஆண்டுப் பேரவைக் கூட்டத்தில் ஆற்றிய உரை)

 

"உலகப் பெண்கள்" என்ற தலைப்பில் குழுவுக்கு ஒருத்தர் பேசணும்னு சொன்னாங்க. விண்வெளிக்குப் போனவங்க, நாட்டை ஆண்டவங்க பற்றியெல்லாம் மற்றவங்க அழகாகப் பேசிட்டாங்க. நான் எடுத்துக்கிட்டது ஜெயிலில் கிடந்த பெண்களைப் பற்றி. ஹிட்லர் என்ற பெயரை நம்ம பிள்ளைங்க பாடப் புத்தகத்தில் பார்த்திருப்பீங்க. இரண்டாம் உலகப் போர், வதைமுகாம், லட்சக்கணக்கில் சாவு என்று நாலு வரியில் முடிச்சிருக்கும். அந்த நாலு வரிக்குள்ளே பெண்கள் என்ன ஆனாங்க, உயிரோடு திரும்பினவங்க என்ன சொன்னாங்க என்று தெரிஞ்சுக்க ஆசைப்பட்டேன். எங்க ஊர் நூலகத்திலும், பள்ளிக்கூட டீச்சர் ஒருத்தர் உதவியாலும் படிச்சதை உங்களோடு பகிர்ந்துக்கிறேன். கேட்கக் கஷ்டமா இருக்கும். கொஞ்சம் பொறுமையா கேளுங்க.

ஜெர்மனி நாட்டின் தலைநகரம் பெர்லின். அதற்கு வடக்கே ஏரிக்கரையில் ராவென்ஸ்ப்ரூக் என்று ஒரு இடம். அங்கே 1939 மே மாதம் பெண்களுக்கென்றே ஒரு வதைமுகாம் திறந்தாங்க. 1945 ஏப்ரல் 30-ல் ரஷ்யப் படை வந்து விடுவிக்கும் வரை ஆறு வருஷம் அது நடந்தது. அந்த ஆறு வருஷத்தில் சுமார் 1,20,000 பெண்களும் குழந்தைகளும் அங்கே அடைக்கப்பட்டிருக்காங்க. முப்பதுக்கும் மேற்பட்ட நாட்டுக்காரங்க. போலந்து, ரஷ்யா, பிரான்ஸ், ஜெர்மனி, இப்படிப் பல நாடு. யூதர் என்பதற்காகப் பிடிச்சவங்க உண்டு. நாடோடி இனம் என்று பிடிச்சவங்க உண்டு. ஹிட்லரை எதிர்த்துத் துண்டுப் பிரசுரம் கொடுத்ததற்காக, தப்பி வந்தவருக்குச் சோறு போட்டதற்காகப் பிடிச்சவங்களும் உண்டு. பல்லாயிரம் பேர் வெளியே வரவே இல்லை. பசியில், நோயில், துப்பாக்கிக் குண்டில், கடைசி மாசங்களில் விஷவாயு அறையில் செத்துப் போனாங்க.

உள்ளே போனதும் முதலில் துணியைப் பறிப்பாங்க. பலருக்கு முடியை மழிப்பாங்க. அப்புறம் பெயரைப் பறிப்பாங்க. ஒரு எண்ணும், ஒரு முக்கோணத் துணியும் கொடுத்து, உடுப்பில் தைத்துக்கச் சொல்லுவாங்க. முக்கோணத்தின் நிறத்தை வைத்து யார் எதற்காக வந்தவள் என்று தெரியும். அரசியல் கைதி என்றால் சிவப்பு. "ஊருக்கு ஆகாதவள்" என்று முத்திரை குத்தப்பட்டவள் என்றால் கறுப்பு. அந்தக் கறுப்பு முக்கோணத்தை ஞாபகம் வச்சுக்குங்க, கடைசியில் அதற்கு வருவேன்.

விடியும் முன்னே சங்கு ஊதும். எல்லாரும் வெட்டவெளியில் வரிசையாக நிற்கணும். எண்ணுவாங்க. ஒரு தலை குறைந்தாலும் மறுபடி முதலிலிருந்து. பனியிலும் மழையிலும் மணிக்கணக்கில் நிற்கணும். உயிர் பிழைத்த பெண்கள் எழுதினதில் இந்த எண்ணிக்கை நேரத்தைப் பற்றிச் சொல்லாதவங்க கிடையாது. பக்கத்தில் மயங்கி விழப் போகிறவளை இரண்டு பக்கமும் தோளால் அணைச்சு நிறுத்திக்குவாங்க. விழுந்தால் என்ன ஆகும் என்று எல்லாருக்கும் தெரியும்.

அப்புறம் வேலை. நம்மில் எத்தனையோ பேர் தையல் மிஷின் வச்சிருக்கோம். அங்கேயும் பெரிய தையல் கூடம் இருந்தது. தங்களை அடைச்சு வச்ச காவலர்களுக்கே சீருடை தைக்கணும். நாளுக்கு இவ்வளவு என்று கணக்கு, குறைஞ்சா அடி. 1942-லிருந்து ஒரு பெரிய மின்சாதன நிறுவனம் முகாமுக்குப் பக்கத்திலேயே பட்டறை கட்டி இந்தப் பெண்களை வேலை வாங்கியது. காலுறை பின்னும் வேலைக்குப் போனவங்க, குதிகாலும் விரலும் வரும் இடத்தில் மட்டும் மெல்லிசாகப் பின்னிவிடுவாங்களாம். போட்டுக்கிட்டு நடக்கிற சிப்பாய்க்குக் கால் புண்ணாகட்டும் என்று. கையில் ஆயுதம் இல்லாதவளுக்கு ஊசியும் நூலும்தான் ஆயுதம்.

சோறு என்று கொடுத்தது ஒரு துண்டு ரொட்டி, தண்ணியான கிழங்குக் கஞ்சி. இதில் எனக்கு ஆச்சரியமாக இருந்த விஷயம் ஒண்ணு. அவ்வளவு பசியில் கிடந்த பெண்கள் ராத்திரி படுத்துக்கிட்டு சமையல் குறிப்பு பேசிக்குவாங்களாம்! எங்க வீட்டில் இத்தனை முட்டை போடுவோம், எங்க அம்மா இவ்வளவு வெண்ணெய் சேர்ப்பாங்க என்று வாயாலேயே சமைப்பாங்க. கிடைச்ச துண்டுக் காகிதத்தில் எழுதியும் வச்சாங்க. படிக்கும்போது பைத்தியக்காரத்தனமா தெரிந்தது. யோசிச்சப்போ புரிஞ்சது. அது சோற்றைப் பற்றிய பேச்சு மட்டும் இல்லை. நான் இன்ன வீட்டுக்காரி, என் கையால் இத்தனை பேருக்குப் பரிமாறியவள், நான் வெறும் எண் இல்லை என்று ஒருத்திக்கு ஒருத்தி சொல்லிக்கிட்டது.

அந்தச் சமையல் குறிப்பையே ஒரு பெண் வேறொரு வேலைக்குப் பயன்படுத்தினாங்க. அவங்க பெயர் ஜெர்மேன் தியோன். பிரான்ஸ் நாட்டுக்காரங்க, நிறையப் படிச்சவங்க. 1943 அக்டோபரில் இங்கே கொண்டு வந்தாங்க. முகாமில் யார் யார் அதிகாரி, யார் என்ன கொடுமை செய்தது என்று அவங்க குறிச்சு வச்சாங்க. அப்படியே எழுதினால் மாட்டிக்கிட்டா உயிர் போயிடும். அதனால் அதிகாரிகளின் பெயர்களைச் சமையல் குறிப்பு மாதிரி மறைச்சு எழுதினாங்க. பார்க்கிறவனுக்கு ஏதோ பெண்கள் சமையல் எழுதி வச்சிருக்காங்க என்று தோணும். உள்ளே இருந்ததோ குற்றவாளிகளின் பட்டியல்! அவங்க அம்மாவும் அதே முகாமுக்கு வந்து சேர்ந்தாங்க. 1945 மார்ச்சில் அந்த அம்மாவை விஷவாயு அறைக்கு அனுப்பிட்டாங்க. இந்தத் துக்கத்தோடு வெளியே வந்த ஜெர்மேன், முகாம் எப்படி நடந்தது, யார் லாபம் பார்த்தாங்க, எத்தனை பேர் செத்தாங்க என்று புத்தகம் எழுதினாங்க. 1946-ல் முதலில் எழுதினது. புதிய விவரம் கிடைக்கக் கிடைக்க 1973-லும் 1988-லும் திரும்பத் திரும்பத் திருத்தி எழுதினாங்க. 2008-ல் நூறு வயசில் காலமானாங்க.

அடுத்து, போலந்து நாட்டுப் பெண்கள் 74 பேரின் கதை. 1942 ஆகஸ்டில் தொடங்கி ஒரு வருஷம் அவங்க கால்களை வெட்டிச் சோதனை செய்தாங்க. நோய் இல்லாத காலைக் கிழிச்சு, உள்ளே கிருமியையும் மரத்தூள், கண்ணாடித் துண்டையும் வச்சு, மருந்து வேலை செய்யுதா என்று பார்த்தாங்க. சிலருக்கு எலும்பை உடைச்சாங்க. பலரும் படிக்கிற வயசுப் பொண்ணுங்க. யாரும் அவங்க சம்மதம் கேட்கல. சோதனைக்கூடத்து முயல் மாதிரி ஆக்கினதால் முகாமில் இவங்களுக்கு "முயல்கள்" என்றே பெயர் வந்திடுச்சு. அஞ்சு பேர் அறுவைச் சிகிச்சையால் செத்தாங்க. ஆறு பேரைப் புண் ஆறும் முன்னேயே சுட்டுக் கொன்னாங்க.

மீதிப் பெண்கள் என்ன செய்தாங்க என்பதைத்தான் நீங்க கேட்கணும். மாசம் ஒரு கடிதம் வீட்டுக்கு எழுதலாம். ஜெர்மன் மொழியில் எழுதணும், அதிகாரி படிச்சுப் பார்த்துத்தான் அனுப்புவாங்க. இந்தப் பொண்ணுங்க மேலே "நான் நலம்" என்று மையில் எழுதி, வரிக்கு இடையில் தங்கள் சிறுநீரைத் தொட்டு உண்மையை எழுதினாங்க. காய்ஞ்சா கண்ணுக்குத் தெரியாது. சூடான இஸ்திரிப் பெட்டியை வச்சுத் தேய்ச்சா எழுத்து தெரியும். வீட்டுக்காரங்களுக்கு இது எப்படித் தெரியும்? அதற்கும் ஒரு வழி கண்டாங்க. சின்ன வயசில் எல்லாரும் படிச்ச ஒரு சிறுவர் கதையைக் கடிதத்தில் நினைவூட்டினாங்க. அந்தக் கதையில் ஒவ்வொரு வரியின் முதல் எழுத்தையும் சேர்த்துப் படிச்சா ரகசியம் தெரியும். வீட்டில் அதைப் புரிஞ்சுக்கிட்டு, கடிதத்தின் வரிகளில் முதல் எழுத்தைச் சேர்த்துப் படிச்சு, சிறுநீரால் எழுதிய கடிதம் என்று கண்டுபிடிச்சாங்க! அப்படி வெளியே போனதில் முக்கியமானது, அறுவை செய்யப்பட்டவங்களின் பெயர்ப் பட்டியல். செத்தவங்க பெயர், இருக்கிறவங்க பெயர். நாங்க செத்தாலும் எங்க பெயர் வெளியே போயிடணும் என்று நினைச்சாங்க.

1943 மார்ச்சில் அந்தப் பெண்கள் ஊன்றுகோலோடு, நடக்க முடியாதவளைத் தோழிகள் தாங்கிக்கிட்டு, முகாம் தலைவன் அலுவலகத்துக்கே போய் எழுத்து மூலமாகக் கேட்டாங்க. எங்களுக்குச் செய்தது எந்தத் தண்டனை, இது நியாயமா என்று கேட்டாங்க. பதில் வரவில்லை. ஆனாலும் கேட்டாங்க. 1944-ல் ரகசியமாகக் கிடைச்ச ஒரு கேமராவில் தங்கள் கால் தழும்புகளைப் படம் எடுத்தாங்க. அந்தப் பிலிம் சுருளை மறைச்சு வெளியே கொண்டுபோனது நான் முன்னே சொன்ன ஜெர்மேன் தியோன்தான்.

1945 பிப்ரவரியில், சாட்சி இருக்கக் கூடாது என்று இந்தப் பெண்களைக் கொல்ல உத்தரவு வந்தது. அப்போ முகாமே அவங்களைக் காப்பாத்தியது. செத்தவங்க எண்ணை மாத்தித் தைத்துக் கொடுத்தாங்க. மற்ற குடில்களில் ஒளிச்சு வச்சாங்க. தரைக்கு அடியில் பதுக்கினாங்க. எண்ணிக்கை எடுக்கிற நேரம் பார்த்து ரஷ்யப் பெண் கைதிகள் விளக்கை அணைச்சாங்க. மொழி வேறு, நாடு வேறு, மதம் வேறு. மாட்டினால் தன் உயிரும் போகும். அப்படியும் காப்பாத்தினாங்க. 63 பேர் உயிரோடு வெளியே வந்தாங்க.

வந்தவங்களில் நாலு பேர் 1946 டிசம்பரில் நியூரம்பெர்க் நகரத்து நீதிமன்றத்தில் சாட்சி சொன்னாங்க. தன்னை வெட்டிய டாக்டர்கள் எதிரே உட்கார்ந்திருக்க, நீதிபதிகள் முன்னால் காலின் தழும்பைக் காட்டினாங்க. ஒரு பெண்ணுக்கு அது எவ்வளவு பெரிய காரியம் என்று நமக்குத் தெரியும். தலைமை டாக்டருக்குத் தூக்குத் தண்டனை. அந்தக் குழுவில் ஒரு பெண் டாக்டரும் இருந்தாள். அவளுக்கு 20 வருஷம் தண்டனை. ஆனால் 1952-லேயே வெளியே வந்து, ஒரு கிராமத்தில் மறுபடியும் வைத்தியம் பார்க்க ஆரம்பிச்சுட்டாள். முகாமிலிருந்து பிழைத்த ஒருத்தி அவளை அடையாளம் கண்டுக்கிட்டாள். எதிர்ப்புக் கிளம்பி, 1958-ல் அவள் டாக்டர் உரிமத்தைப் பறிச்சாங்க. பார்த்தவள் வாயை மூடிக்கிட்டு இருந்திருந்தால் அவள் கடைசி வரை ஊசி போட்டுக்கிட்டு இருந்திருப்பாள்.

இப்போ நம்ம கூட்டமைப்புக்கு நெருக்கமான விஷயத்துக்கு வர்றேன். பிரான்ஸுக்குத் திரும்பிய பெண்கள் 1945-லேயே தங்களுக்குள் ஒரு சங்கம் அமைச்சாங்க. வீடு இல்லாதவளுக்கு இடம், காசநோய் வந்தவளுக்கு வைத்தியம், ராத்திரியில் கனவு கண்டு அலறுகிறவளுக்குப் பேச ஒரு துணை. எல்லாம் அவங்களுக்குள்ளேயே. "குரல்களும் முகங்களும்" என்ற பொருளில் ஒரு பத்திரிகையும் நடத்தினாங்க. வீட்டில் கணவரிடமோ பிள்ளைங்களிடமோ சொல்ல முடியாததை அங்கே சொன்னாங்க, எழுதினாங்க. போலந்துப் பெண்களுக்கு நஷ்ட ஈடு கிடைக்கலையே என்று இந்தச் சங்கத்தார் கவலைப்பட்டு வெளியே சொன்னதால், அமெரிக்காவில் இருந்த ஒரு பெண்மணி கரோலின் ஃபெரிடே முயற்சி எடுத்து, 1958-ல் 35 பேரைச் சிகிச்சைக்கு அமெரிக்கா வரவழைச்சாங்க. ஜெர்மன் அரசும் பிறகு பணம் கொடுக்க வேண்டி வந்தது.

அந்தச் சங்கத்துக்கு நாற்பது வருஷத்துக்கு மேல் தலைவியா இருந்தவங்க ஜெனவியேவ் டி கோல். அவங்க சித்தப்பா பிரான்ஸின் ஜனாதிபதியாக இருந்தவர். முகாமில் அவங்களுக்கு 24 வயசு முடிஞ்ச நாளில், தோழிகள் தங்கள் பங்கு ரொட்டியில் துணுக்கு துணுக்காகச் சேர்த்துப் பிசைஞ்சு கேக் மாதிரி செய்து, 24 சின்னக் குச்சியை மெழுகுவர்த்தியாக நட்டுக் கொடுத்தாங்களாம். தன் பசியில் பாதியைக் கிள்ளிக் கொடுத்த கேக் அது. போர் முடிஞ்சு பல வருஷம் கழிச்சு, 1958-ல், பாரிஸ் பக்கத்தில் ஏழைகள் வசிக்கிற ஒரு குடிசைப் பகுதிக்குப் போனாங்க. அங்கே இருந்தவங்க முகத்தில், முகாமில் பார்த்த அதே பார்வையைக் கண்டாங்க. அதிலிருந்து வாழ்நாள் முழுக்க அந்த ஏழைகளோடு சேர்ந்து உழைச்சாங்க. வறுமையால் யாரையும் ஒதுக்கக் கூடாது என்று 1998-ல் பிரான்ஸில் ஒரு சட்டம் வந்ததற்கு அவங்க உழைப்பும் காரணம். முகாமைப் பற்றித் தன் சொந்தப் புத்தகத்தை அந்த வயசில்தான் எழுதினாங்க. ஐம்பது வருஷத்துக்கு மேல் ஆச்சு, வாயைத் திறந்து முழுசாகச் சொல்ல.

இனி அந்தக் கறுப்பு முக்கோணம். உடம்பை விற்றுப் பிழைச்சவள், வீடு வாசல் இல்லாதவள், வேலையில் நிலையா நிற்காதவள், கெட்ட பேர் எடுத்தவள். இவங்களுக்குத்தான் கறுப்பு முக்கோணம். முகாமில் சில பெண்களை ஆண்கள் முகாமுக்குக் கொண்டுபோய், அங்கே நடத்திய விபச்சார விடுதியிலும் அடைச்சாங்க. ஆறு மாசத்தில் விடுதலை என்று சொன்னது பொய். போர் முடிஞ்சதும் மற்றவங்க சங்கம் வச்சாங்க, சாட்சி சொன்னாங்க, மாலை வாங்கினாங்க. கறுப்பு முக்கோணக்காரிக்குச் சங்கம் இல்லை. சொன்னால் "நீ அதற்குத்தானே உள்ளே போனாய்" என்று கேட்பாங்களோ என்ற பயம். பெற்ற பிள்ளையிடம்கூடச் சொல்லாமல் செத்தவங்க எத்தனையோ பேர். இவங்களும் பாதிக்கப்பட்டவங்கதான், இவங்க யாரும் நியாயமாக உள்ளே போகலை என்று ஜெர்மன் நாடாளுமன்றம் ஏற்றுக்கிட்டது 2020 பிப்ரவரியில்! 75 வருஷம் ஆச்சு. கேட்க அநேகமா யாரும் மிஞ்சலை.

அக்கா தங்கச்சிகளே, நம்ம கஷ்டத்தையும் அவங்க பட்டதையும் ஒரே தராசில் வைக்கக் கூடாது. அது அவங்களுக்கு அவமரியாதை. ஆனால் நான் படிச்சதில் ஒண்ணு மட்டும் மனசில் நின்னுடுச்சு. துன்பம் எல்லாருக்கும் இருந்தது. பக்கத்தில் நாலு பேர் இருந்தவள் அதை வாயால் சொன்னாள், பேரையும் எழுதி வச்சாள். யாரும் இல்லாதவள் வாயடைச்சுச் செத்தாள். தைரியத்தில் இரண்டு பேருக்கும் வித்தியாசம் கிடையாது. ஒருத்திக்குக் கூட்டம் இருந்தது, இன்னொருத்திக்கு இல்லை.

நம்ம பதிவேட்டில் சிவப்பு மையால் கோடு போட்ட பெயர்கள் இருக்கு. எந்த ஊர், எந்தக் குழு என்று நான் சொல்ல வரல. புருஷன் கடனை வாங்கி வச்சுட்டு ஓடிப்போனதால் நாலு தவணை கட்ட முடியாமல் நின்னவள் ஒருத்தி. வீட்டுக்காரன் அடிச்சு வெளியே தள்ளினதால் கூட்டத்துக்கு வராதவள் ஒருத்தி. ஊரில் எவனோ ஏதோ சொன்னதை நம்பி "அவள் வேண்டாம்" என்று நாமே ஒதுக்கினவள் ஒருத்தி. "மூணு கூட்டத்துக்கு வரலை, நீக்கப்பட்டார்" என்று ஒரு வரி. ஏன் வரலை என்று அந்த நோட்டில் ஒரு வார்த்தை கிடையாது. இப்போ அதில் ஒருத்தி வாரவட்டிக்காரனிடம் வாங்கிட்டு, அவன் வண்டிச் சத்தம் கேட்டாலே பின்வாசல் வழியாகப் போறாள். நாம அடுத்த தெருவில்தான் இருக்கோம்.

அதனால் இந்தப் பேரவை முன்னால் இரண்டு வேண்டுகோள் வைக்கிறேன். ஒண்ணு, எந்தக் குழுவிலும் ஒரு பெயரை அடிக்கும் முன்னே மூணு உறுப்பினர் அவள் வீட்டுக்குப் போகணும். அவள் சொல்வதைக் கேட்டு, அவள் வாயால் சொன்னபடியே தீர்மான நோட்டில் எழுதி, படிச்சுக் காட்டிக் கையெழுத்து வாங்கணும். ஏற்கனவே அடிச்ச பெயர்களுக்கும் இதைச் செய்யணும். கடன் கணக்கு தனி, ஆள் தனி. பணம் கட்டும் வரை கடன் கொடுக்காமல் இருக்கலாம், கூட்டத்தில் உட்கார இடம் கொடுக்காமல் இருக்கக் கூடாது.

இரண்டு, நம்ம ஊர்ப் பெரியம்மாக்கள், பாட்டிமார்கள் அனுபவிச்சதை அவங்க இருக்கும்போதே உட்கார்ந்து கேட்டு எழுதி வைக்கணும். பஞ்சத்தில் என்ன தின்னாங்க, கூலிக்காக யாரிடம் நின்னாங்க, பெத்துப் பறிகொடுத்த பிள்ளைங்க பெயர் என்ன. எழுதப் படிக்கத் தெரிஞ்ச நம்ம பொண்ணுங்க ஒவ்வொரு குழுவிலும் இருக்காங்க. ஒரு நாற்பது பக்க நோட்டுப் போதும். சொல்ல விருப்பமில்லாதவங்களை வற்புறுத்தக் கூடாது. சொல்லணும் என்று வருகிறவங்களை "போதும் பாட்டி" என்று நிறுத்தவும் கூடாது.

மாட்டினால் உயிர் போகும் என்று தெரிஞ்சும் அந்தப் பெண்கள் செத்த தோழியின் பெயரை வெளியே அனுப்பினாங்க. நம்ம கையில் பேனா இருக்கு, நோட்டு இருக்கு, பயப்பட ஒரு காவலனும் இல்லை. இந்த இரண்டு வேண்டுகோளையும் இன்றைய தீர்மானத்தில் சேர்த்துக்கச் சொல்லி, தலைவி அக்காவையும் உங்க எல்லாரையும் கேட்டுக்கிறேன்.